சாமுராய் பட்டிக்குக் கஞ்சி போட்ட வாரம்

புதன்கிழமை காலை சிவநேசன் அண்ணை இடுப்புப் பட்டியின் ஒரு நுனியைப் பிடித்துத் தூக்கினார். அது தொங்கவில்லை. பலகைபோல நேராக நின்றது.

"தங்கச்சி, இதுக்கு என்ன செய்தனீர்?"

"கஞ்சி போட்டனான்."

அவர் கவுண்டரைப் பிடித்துக்கொண்டார்.

நான் லண்டன் ரெய்னர்ஸ் லேனில் ஒரு டிரை கிளீனிங் கடையில் பத்தொன்பது வருடமாக அயர்ன் போடுகிறேன். எட்டாம் வகுப்புவரை படித்தவள். இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

1. பிழை

சிவநேசன் அண்ணை பஸ் ஓட்டுகிறவர். வயது ஐம்பத்தாறு. வியாழக்கிழமைகளில் ஒரு சர்ச் மண்டபத்தில் ஜப்பான் வாள் பழகுகிறார். கூரில்லாத வாள்தான். அதை இடுப்பில் செருக ஒரு பட்டி வேண்டும். சாமுராய்கள் கட்டியது. பெயர் ஒபி. நான்கு மீற்றர் நீளம், ஒரு சாணுக்கும் குறைந்த அகலம், தடித்த பருத்தி. பன்னிரண்டு வருடம் கட்டியதில் நன்றாக இளகியிருந்தது. அதில் கொத்துரொட்டிக் குழம்பைக் கொட்டிவிட்டார். கறையை மட்டும் எடுக்கத் தந்தார்.

அது கோயில் திருவிழா வாரம். முப்பது வேட்டிகள் கஞ்சிக்குக் கிடந்தன. பட்டியின் டிக்கெட் கழன்று விழுந்து, அது வேட்டிகளோடு சேர்ந்துவிட்டது. சாமி தூக்குகிறவர்கள் இடுப்பில் கட்டும் துணி என்று நினைத்தேன். சுடுநீரில் போட்டேன். கஞ்சி போட்டேன். பிரஸ்ஸில் வைத்து அழுத்தினேன். என் கையில் அவ்வளவு விறைப்பாக ஒன்றும் வந்ததில்லை. சந்தோஷப்பட்டேன்.

2. வழி

"ஞாயிற்றுக்கிழமை எனக்கு வாள் சோதினை" என்றார் அண்ணை. "ஜப்பானிலயிருந்து மூண்டு பேர் வருகினம். ரெண்டுதரம் பெயில் விட்டிட்டன். இந்தமுறையும் பெயில் எண்டால் வாள் வீட்டில இருக்கக்கூடாது எண்டு மனுசி சொல்லிப்போட்டா."

முதலாளி யோகன் என்னைவிட இளையவர். கோபிக்கத் தெரியாதவர். "புதுசு ஒண்டு வாங்குவம் அண்ணை" என்றார்.

"புதுசும் உப்பிடித்தான் விறைச்சுக்கொண்டு நிக்கும். அரை வருசம் கட்டினால்தான் இளகும். இளகாட்டி வாளுறை அசையாது. வாளை உருவ ஏலாது."

மூன்று தண்ணீரில் அலசினேன். கஞ்சி போனது. விறைப்பு போகவில்லை. சுடுநீரில் நூல் இறுகிவிட்டது.

"கிழமைக்கு எத்தினை மணித்தியாலம் கட்டுவியள்?" என்று கேட்டேன்.

"ரெண்டு."

அரை வருடத்துக்கு ஐம்பத்திரண்டு மணித்தியாலம். புதன் முதல் சனிவரை நித்திரையைக் கழித்தாலும் அவ்வளவு நேரம் இருந்தது.

"அப்ப கட்டுவம்."

"ஆர் கட்டுறது?" என்றார் யோகன்.

"கடையில நான். டெலிவரியில நீங்கள். வேலை முடிஞ்சு வந்து அண்ணை."

"அக்கா, உங்களுக்கு விசரே?"

"வேற வழி இருந்தால் சொல்லுங்கோ."



3. நாலு நாள்

இடுப்பில் மூன்று சுற்று. பின்பக்கம் முடிச்சு. அண்ணை ஒருதரம் காட்டினார், பிடித்துக்கொண்டேன். கார்டிகனுக்கு மேலே கட்டினேன். சும்மா கட்டினால் போதாது, சுற்றுகளுக்கு நடுவே உறை உரசவேண்டும் என்றார். வாளைக் கடையில் வைக்க யோகன் சம்மதிக்கவில்லை. ஷட்டர் இழுக்கிற கம்பியைச் செருகினேன். ஒரு சேர்ட் முடிந்தால் பத்துத்தரம் இழுப்பது, பிறகு அடுத்த சேர்ட். பிரஸ்ஸின் ஸ்டீம் பட்டதும் உதவிதான்.

வியாழக்கிழமை கோயில்காரர் ஒருவர் வேட்டிகளை எடுக்க வந்தார்.

"என்ன பிள்ளை, இடுப்பில கம்பி?"

"பட்டி இளக்கிறன்."

"நேர்த்திக்கடனோ?"

"இல்லை. டிக்கெட் கழண்டுபோச்சு."

அவர் வேட்டிகளை எண்ணிக்கூடப் பார்க்காமல் போய்விட்டார்.

கம்பியைச் செருகிக்கொண்டு யோகனால் டெலிவரி வானுக்குள் இருக்க முடியவில்லை. குடையைச் செருகிக்கொண்டு போனார். கல்யாணக் கோட்டு ஒன்றை அப்படியே கொண்டுபோய்க் கொடுத்தார். அந்த வீட்டு அம்மா கதவுச் சங்கிலியைக் கழற்றாமல் கையை மட்டும் நீட்டி வாங்கினாராம். வெள்ளிக்கிழமை திரும்பிவந்தவர் கண்ணாடிக்கு முன்னால் நின்றார்.

"அக்கா, எனக்கு வடிவாத்தான் கிடக்கு."

"கழட்டுங்கோ. இனி நான் கட்டுற நேரம்."

"இன்னும் ஒரு அரைமணித்தியாலம் தாங்கோவன்."

சனிக்கிழமை பின்னேரம் பட்டியை நுனியில் பிடித்துத் தூக்கினேன். தொங்கியது.

4. சோதினை

ஞாயிறு காலை யோகன் எங்களை டெலிவரி வானில் சோதினை மண்டபத்துக்குக் கொண்டுபோனார். அண்ணை பட்டியைத் தானே கட்டிப் பார்த்தார். முடிச்சு இரண்டுதரம் அவிழ்ந்தது. நான் பின்னால் போய் நின்று கட்டினேன்.

"வயித்தை உள்ளுக்கு எடுங்கோ."

"எடுத்துக்கொண்டுதான் நிக்கிறன்."

நாங்கள் வெளியே நின்று கதவுக் கண்ணாடியால் பார்த்தோம். மேசையில் மூன்று கிழவர்கள். அண்ணை வாளை உருவினார். சத்தமில்லாமல் வந்தது. சத்தமில்லாமல் உள்ளே போனது. நான் பட்டியை மட்டும்தான் பார்த்தேன். ஒரு சுருக்கம்கூட இல்லை. பாஸ் என்று நினைத்தேன்.

சுவரில் ஒட்டிய தாளில் அவருடைய நம்பர் இல்லை. உள்ளே போய்க் கேட்டுவிட்டு வந்தார்.

"என்ன பிழையாம்?" என்றார் யோகன்.

"காலாம். என்ன வேலை எண்டு கேட்டினம். பஸ் எண்டன். மூண்டு பேரும் ஓமெண்டு தலையாட்டினம். வலது கால் ஒவ்வொரு அடிக்கும் பிரேக் மிதிக்குதாம்."

"பட்டி?" என்றேன் நான்.

"நல்லாப் பழகின பட்டியாம். எத்தினை வருசம் எண்டு கேட்டினம். நாலு நாள் எண்டன். அவை நம்பேல்லை."

"முடிச்சு?"

"திறமாம். கட்டினது ஆர் எண்டு கேட்டினம்."

அவர் திரும்பிக் கண்ணாடிக்குள்ளால் என்னைக் காட்டினார். மூன்று கிழவர்களும் எழுந்து எனக்குக் குனிந்தார்கள். நானும் குனிந்தேன். வேறென்ன செய்வது.

அண்ணையின் மனைவி சொன்னதைச் செய்தார். வாள் இப்போது எங்கள் கடையில் உடுப்புகள் தொங்கும் கம்பியில் கோட்டுகளுக்கு நடுவே தொங்குகிறது. யோகன் இந்தமுறை மறுக்கவில்லை. சிவநேசன் அண்ணை அடுத்த சோதினைக்குப் பெயர் கொடுத்திருக்கிறார்.

புதிதாக வருகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான். உடையவரைக் கேட்காமல் ஒரு துணிக்கும் கஞ்சி போடாதீர்கள். போட்டுவிட்டால் அந்த ஆள் அதற்குப் பிறகு உங்கள் பொறுப்பு.

வியாழன் பின்னேரங்களில் அவர் வாளை எடுக்க வருவார். பட்டியைக் கட்டிவிடுவேன். பிரஸ்ஸுக்கும் அயர்ன் மேசைக்கும் நடுவே ஆறடி இடம் இருக்கிறது. அதில் நடக்கச் சொல்வேன். கையில் சேர்ட் இருந்தாலும் கண் அவருடைய காலில் இருக்கும்.

"பிரேக்" என்பேன்.

திரும்பப் போய், முதலிலிருந்து நடப்பார்.