கடைசி வீட்டுக்குப் போன கத்திகள்

நான் கத்தியை எடுத்து ஜன்னல் வழியாக வெளியே எறிந்ததும் தர்ஷினி தலையில் கை வைத்துக்கொண்டாள்.

“அத்தை! என்ன பண்றீங்க? அது ஒண்ணுதான் லா உங்ககிட்ட இருந்த ஆயுதம்!”

தர்ஷினி என் தம்பியின் மகள். கல்லூரியில் கணினி படிக்கிறாள். புக்கிட் செந்தோசாவில் தம்பி குடும்பத்தோடுதான் நானும் இருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், துணி மடித்துக்கொண்டிருந்த என்னை இழுத்துக்கொண்டு போய் அவளுடைய மடிக்கணினிக்கு முன்னால் உட்கார வைத்துவிட்டாள். பேய் விளையாட்டாம். அரை மணி நேரத்தில் முடிந்துவிடுமாம். பேய் என்று சொன்னாளே தவிர அதில் பேய் எதுவும் இல்லை. ஒரு வீடு, ஓயாத மழை, மாடியில் குடித்துவிட்டு நடக்கும் ஓர் ஆண். அவ்வளவுதான். விளையாடுகிறவரின் உருவம் திரையில் தெரியாது. இரண்டு கைகள் மட்டும் தெரியும். அந்தக் கைகள்தான் நான். முகம் காட்டாமல் விளையாடலாம் என்பது எனக்குப் பிடித்திருந்தது. கல்யாண வீட்டில் போட்டோ எடுக்க வருகிறார்கள் என்றால் பாத்திரம் கழுவப் போய்விடுகிற ஆள் நான்.

முதலில் நடக்கவே வரவில்லை. சுவரில் போய் முட்டினேன். பிறகு வெகுநேரம் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். “அத்தை, கீழ பாருங்க, கீழ” என்று அவள்தான் என் கையைப் பிடித்து நகர்த்தினாள். ஒரு வழியாக அடுப்படிக்குப் போய்ச் சேர்ந்தேன். இழுப்பறையைத் திறந்ததும் கத்தி இருந்தது. மாடியில் பூட்ஸ் சத்தம் கேட்டது. என் கை என்னைக் கேட்காமலேயே ஜன்னலைத் திறந்து கத்தியை மழைக்குள் எறிந்துவிட்டது.

அந்த ஆள் இறங்கி வந்தான். திரை குலுங்கியது. எதையோ எடுத்து அடித்தான், மறுபடியும் மறுபடியும் அடித்தான். எல்லாம் சிவப்பாகிவிட்டது.

“செத்துட்டீங்க” என்றாள் தர்ஷினி. “மறுபடி ஆடுங்க. இந்தத் தடவ கத்திய கையிலயே வச்சிருங்க.”

சரி என்று தலையாட்டினேன். இரண்டாவது முறை கத்தியை அரிசிப் பைக்குப் பின்னால் ஒளித்து வைத்தேன். அவன் வந்து கழுத்தை நெரித்தான். அந்த இரண்டு கைகளும் காற்றில் எதையோ தேடித் துழாவி, கடைசியில் அப்படியே தொங்கிப்போயின. தர்ஷினிக்குச் சிரிப்பு தாங்கவில்லை. மூன்றாவது முறை நான் கத்தியோடு வீடு முழுவதும் சுற்றினேன்.

“எங்க அத்தை போறீங்க?”

“பக்கத்து வீட்டுக்கு வழி எங்க இருக்கு?”

“பக்கத்து வீடே கிடையாது. காட்டுக்குள்ள ஒத்தை வீடு.”

“அப்ப கத்திய யார்கிட்ட குடுக்குறது?”

அவள் சிரிப்பை நிறுத்திவிட்டு என்னை ஒரு மாதிரி பார்த்தாள். நான் அப்படிக் கேட்டது எனக்கே ஆச்சரியமாகத்தான் இருந்தது.

நான் கையுறை செய்யும் தொழிற்சாலையில் வேலை பார்க்கிறேன். சில நாட்களில் ரப்பர்ப் பால் காய்கிற வாசம் முகமூடியைத் தாண்டி மூக்கில் ஏறும். கூட வேலை செய்யும் சின்னப் பெண்கள் குமட்டுகிறது என்பார்கள். எனக்குக் குமட்டாது. பசிக்கும். சின்ன வயதில், ரப்பர்த் தோட்டத்தில் அம்மா வேலை முடிந்து வரும்போது அவள் உடம்பில் இந்த வாசம்தான் இருக்கும். அதற்கு அடுத்தது சோறுதான்.

கலும்பாங்கிலிருந்து செம்மண் சாலையில் உள்ளே போனால் எங்கள் தோட்டம். வரிசையாக ஒட்டிக் கட்டிய லயத்து வீடுகளில் எங்கள் வீடு நடுவில் இருந்தது. ஒரு வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் நடுவே பலகைச் சுவர் உண்டு. அந்தப் பலகை தகரக் கூரை வரைக்கும் போகாது. மேலே கை நுழைகிற அளவுக்கு இடைவெளி விட்டிருப்பார்கள். முதல் வீட்டில் ஒருவர் தும்மினால் மூன்றாவது வீட்டில் ‘நூறு’ என்று சொல்வார்கள். ஒரு வீட்டில் நெத்திலிக் குழம்பு வைத்தால் லயம் முழுக்க அதே குழம்புதான், வாசத்தில் மட்டும்.

சம்பள நாள் சாயங்காலம் அந்த இடைவெளிக்கு வேறு வேலை வந்துவிடும். ஆண்கள் லாரியில் ஏறிக் குடிக்கக் கலும்பாங்குக்குப் போவார்கள். லாரிச் சத்தம் தேய்ந்ததும் பலகையில் தட்டுவது கேட்கும். அம்மா பெஞ்சு மேல் ஏறி நிற்பாள். அந்தப் பக்கத்திலிருந்து சாக்குத் துணியில் சுற்றிய கத்தி வரும். ரப்பர் மரம் சீவுகிற கத்தி, நுனி வளைந்தது, மயிரை வைத்து ஊதினால் அறுகிற கூர்மை. அதோடு அப்பாவின் கத்தியையும் சேர்த்துச் சுற்றி அம்மா அடுத்த வீட்டுப் பலகையைத் தட்டுவாள். இப்படி வீட்டுக்கு வீடு கைமாறி, பருத்துக்கொண்டே போய், எல்லாக் கத்திகளும் கடைசி வீட்டில் இருந்த பாக்கியத்தக்காவிடம் சேரும். அவருக்குப் புருஷன் இல்லை. குடித்துவிட்டு வர அந்த வீட்டில் ஆள் இல்லாததால் அந்த வீடு.

“ஊர்வலம் கிளம்பிருச்சுடி, சாமிய வாங்கிக்க” என்று பக்கத்து வீட்டிலிருந்து குரல் வரும். அம்மாவும் விடமாட்டாள். “உன் வீட்டுச் சாமி துருப்பிடிச்சுக் கெடக்கு. உன் வீட்டுக்காரரு மரத்தச் சீவுறாரா, சொறியுறாரா?” பலகைக்கு இரண்டு பக்கமும் சிரிப்பார்கள். நான் பெஞ்சு ஆடாமல் பிடித்துக்கொண்டிருப்பேன்.

நான் பிறப்பதற்கு முன்னால் பின் லயத்தில் ஒருவன் சம்பள நாளன்று பெண்டாட்டியின் கழுத்தில் கத்தியை இழுத்துவிட்டானாம். அதற்குப் பிறகு வந்த வழக்கம் இது. மறுநாள் இருட்டோடு பெரட்டுக்கு, வேலைக்குப் பெயர் கொடுக்க, ஆள் கூப்பிடும் முன்பே அவரவர் கத்தி அவரவர் வீட்டு ஆணிக்குத் திரும்பிவிடும். ஆண்களுக்குத் தெரியாமலா இருந்திருக்கும்? தெரியும். வேலை வாங்குகிற மண்டோருக்கும் தெரியும். யாரும் அதைப் பற்றிப் பேசியதில்லை.

கத்தி போய்விட்டால் அடி விழாது என்று நினைத்துவிடாதீர்கள். விறகு இருந்தது. இடுப்பு வார் இருந்தது. பால் வாளி இருந்தது. அப்பா ஒருமுறை அம்மாவின் தலையைப் பலகைச் சுவரில் மோதியதில் பக்கத்து வீட்டில் சாமி படம் கீழே விழுந்தது. அடி விழுகிற நேரத்தில் எல்லா வீட்டுக் கதவுகளும் சாத்தியிருக்கும். ரேடியோச் சத்தம் கூடும். வெளியே யாரும் வரமாட்டார்கள். அடித்தால் உயிர் தங்கும், வெட்டினால் தங்காது. அந்தப் பெண்களால் முடிந்தது அந்த வித்தியாசத்தைக் காப்பாற்றுவதுதான்.

ஒரு சம்பள நாள், லாரி போன கொஞ்ச நேரத்திலேயே அப்பா யாருடைய மோட்டார் சைக்கிளிலோ திரும்பி வந்துவிட்டார். கள்ளுக்கடையில் எவனோ எதையோ சொல்லியிருக்கிறான். வெயில் இன்னும் இறங்கவில்லை. தம்பி அப்போது கைக்குழந்தை, அம்மா இடுப்பில் இருந்தான். அப்பா நேராக ஆணியைப் பார்த்தார். வெறும் ஆணி.

“கத்தி எங்கடி?”

அம்மா தம்பியை இறுக்கிக்கொண்டு பின்னால் நகர்ந்தாள்.

“என் கத்திய எவன் கையில குடுத்த? ஊரே சிரிக்குது. பொம்பள கையில கத்திய குடுத்துட்டு வர்றவன்னு.”

விறகுக் கட்டை அம்மாவின் காதோரம் விழுந்த சத்தம் எனக்கு இன்னும் கேட்கிறது. தேங்காய் உடைகிற மாதிரி இருக்கும் என்று எழுத வந்தேன். அப்படி இல்லை. ஈரத் துணியைக் கல்லில் அடிக்கிற சத்தம். காதிலிருந்து ரத்தம் வழிந்து தம்பியின் மொட்டைத் தலையில் சொட்டியது. அடுத்த அடி தம்பி மேல் விழ வேண்டியது. அம்மா திரும்பிக்கொண்டதால் முதுகில் விழுந்தது. பிறகு அம்மா ஓடினாள். நான் அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டு ஓடினேன். சாத்திய கதவுகள் ஒவ்வொன்றாகப் போயின. கடைசிக் கதவு மட்டும் திறந்தது.

பாக்கியத்தக்கா எங்களை உள்ளே தள்ளித் தாழ்ப்பாள் போட்டார். அப்பா இரண்டு உதை விட்டார். தாழ்ப்பாள் பெயர்ந்து வந்தது. அக்கா கட்டிலடியிலிருந்த கோணிச் சாக்கை வெளியே இழுத்து அதன் மேலேயே உட்கார்ந்துகொண்டார். உள்ளே லயத்து ஆண்கள் அத்தனை பேரின் கத்தியும் இருந்தது.

“இது என் வீடு. உன் வீரத்த வேற எங்கயாவது போய்க் காட்டு.”

“எந்திரி.”

“வெட்டித்தான் எடுக்கணும். வெட்டுறதுக்கு உன்கிட்ட கத்தி இல்ல.”

அப்பா அவர் முகத்தில் ஓங்கி அறைந்தார். அக்கா சாய்ந்து விழுந்தார். சாக்கைப் பிடித்து உதறியதும் கத்திகள் எல்லாம் சிமெண்டுத் தரையில் சிதறின. அம்மாவும் நாங்களும் மூலையில் இருந்தோம். வாசல் அப்பாவுக்குப் பின்னால் இருந்தது. எந்தக் கத்தியை எடுத்திருந்தாலும் அன்றைக்கு அம்மாவின் கதை முடிந்திருக்கும்.

ஆனால் அப்பா குந்தி உட்கார்ந்து தேட ஆரம்பித்தார். மரம் சீவுகிறவர்கள் அடுத்தவன் கத்தியைத் தொடமாட்டார்கள். ஒவ்வொருவரும் தன் கைக்கு ஏற்ற மாதிரி தீட்டி, தன் விரலுக்கு ஏற்ற மாதிரி கைப்பிடியில் டியூப் ரப்பர் சுற்றி வைத்திருப்பார்கள். அடுத்தவன் கத்தி கையில் நிற்காது என்பார்கள். அப்பாவுடையதில் சிவப்பு டியூப். கொலை செய்ய வந்தவர், இது இல்லை, இதுவும் இல்லை என்று ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டிருந்தார். மூச்சு மட்டும் இரைத்தது. அவர் வலது கை தரையில் ஊன்றியிருந்தது.

அம்மா தம்பியை என் மடியில் போட்டாள். காலருகே கிடந்த ஒன்றை எடுத்தாள். அது யாருடைய கத்தியோ. இரண்டு கையாலும் ஓங்கி அந்தக் கையின் மேல் இறக்கினாள்.

அப்பா கத்தவில்லை. விரல்கள் கிடந்த இடத்தையும் கையையும் மாறி மாறிப் பார்த்தார், கணக்குப் புரியாதவர் மாதிரி. பிறகுதான் ரத்தம் பீறிட்டது. பிறகுதான் அலறினார். அம்மா கத்தியைக் கீழே போடாமல் நின்றாள். இன்னொரு முறை ஓங்கியிருப்பாள். அவள் முகத்தை நான் பார்த்தேன், அதனால் சொல்கிறேன். பாக்கியத்தக்கா எழுந்து அவள் மணிக்கட்டைப் பிடித்து, விரல் விரலாகப் பிரித்துக் கத்தியை வாங்கினார். வாயில் ரத்தத்தோடு அப்பா பக்கம் திரும்பினார்.

“கத்தி தீட்டும்போது வழுக்கிருச்சு. என்ன?”

அப்பா அவரைப் பார்த்தார்.

“இல்ல, பொண்டாட்டி வெட்டிட்டான்னு மண்டோர்கிட்ட போய்ச் சொல்லப்போறியா?”

வாசலில் பெண்கள் நிறைந்திருந்தார்கள். எப்போது வந்தார்கள் என்று தெரியவில்லை. ஒருத்தி புடவையைக் கிழித்துக் கையைக் கட்டினாள். “வழுக்கிருச்சா? பாத்து தீட்டக் கூடாது?” என்றாள். அடுத்தவள் தண்ணீர் ஊற்றித் தரையைக் கழுவிக்கொண்டே அதையே சொன்னாள். மருந்துக்கார டிரெஸ்ஸர் கேட்டபோது அதையே சொன்னார்கள். தோட்டத்து ஆபீஸ் கிராணி வந்து கேட்டபோதும் அதுதான் பதில். மூன்றாம் நாள் அப்பாவே அதைச் சொன்னார்.

அதன் பிறகு அப்பாவால் மரம் சீவ முடியவில்லை. புல் வெட்டவும் மாடு பார்க்கவும் விட்டார்கள். கள்ளுக்கடைப் பக்கம் போகவில்லை. அம்மாவிடம் குரல் உயர்த்தவில்லை. அம்மா ரப்பர்ப் பால் எடுக்கப் போன நேரத்தில் இடது கையால் தம்பிக்குச் சோறு ஊட்டினார். தம்பிக்குத் தெரிந்தது அந்த அப்பாதான். “எங்கப்பா மாதிரி சாதுவ நீங்க பாக்க முடியாது” என்று அவன் யாரிடமாவது சொல்லும்போது நான் எழுந்து உள்ளே போய்விடுவேன். அவன் சொல்வது பொய்யில்லை.

விளையாட்டை முடிக்காமல் தர்ஷினி விடவில்லை. கடைசி முறை நான் கத்தியைப் பிடித்துக்கொண்டு கதவுக்குப் பின்னால் நின்றேன். அவன் வந்தான். “இப்ப, இப்ப!” என்று அவள் கத்தினாள். அழுத்தினேன். விட்டுவிடாமல் அழுத்திக்கொண்டே இருந்திருக்கிறேன் போல. “அத்தை, போதும், முடிஞ்சிருச்சு” என்று அவள் என் விரலைத் தூக்கினாள். திரையில் காலி வீடு. தரையில் யாரும் இல்லை.

“அவன் எங்க?”

“அவனே கெடையாது அத்தை. எல்லாம் அந்தப் பொண்ணு மனசுக்குள்ள. அந்த வீட்டுல யாருமே இல்ல, அவ மட்டும்தான்.” என் கையைப் பார்த்துவிட்டு, “ஐயோ, இவ்ளோ இறுக்கமாவா பிடிச்சிருந்தீங்க?” என்றாள். பிறகு ஏதோ நினைவு வந்தவளாக, “தாத்தா விரலும் கத்தியிலதானே போச்சு? அப்பா சொல்லியிருக்காரு” என்றாள்.

“ஆமா லா. தீட்டும்போது வழுக்கிருச்சு” என்றேன்.

அப்பா செத்தபோது லயத்துப் பெண்கள் எல்லாரும் வந்திருந்தார்கள். தோட்டம் கைமாறி, ஆளாளுக்கு ஒரு மூலைக்குப் போயிருந்த காலம். கோலசிலாங்கூர் பக்கம் மகள் வீட்டில் இருந்த பாக்கியத்தக்காவை நாற்காலியோடு தூக்கி வந்தார்கள். தம்பி அழுதுகொண்டே அப்பாவின் வலது கையைத் தடவினான். அவ்வளவுதான், ஒவ்வொருத்தியாகச் சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள். அன்றைக்கு மழைத் தூறல், தீட்டுற கல்லு ஈரம் என்றாள் ஒருத்தி. உனக்குக் கஞ்சி ஆற வைக்கணும்னு அவசரமாத் தீட்டினாருப்பா என்றாள் இன்னொருத்தி. நான்தான் ஓடிவந்து கட்டு போட்டேன் என்று இரண்டு பேர் சண்டை போட்டுக்கொண்டார்கள். அம்மா கால்மாட்டில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். தம்பி மறுபடியும் சொல்லச் சொன்னான். சொன்னார்கள்.

அப்படி ஒரு கூட்டம் அதற்குப் பிறகு கூடவில்லை. பாக்கியத்தக்கா போனார். அம்மா போனாள். கட்டு போட்டதாகச் சண்டை போட்ட இருவரும் போய்விட்டார்கள். லயம் இருந்த இடத்தில் செம்பனை நிற்கிறது. தம்பி இன்னமும் சில சமயம் கேட்பான், அன்றைக்கு மழையா அக்கா, வெயிலா என்று. முன்பெல்லாம் யாரையாவது கை காட்டிவிடுவேன். இப்போது நானே சொல்ல வேண்டியிருக்கிறது.

தூறல் என்றுதான் சொல்கிறேன்.