கலாவதி கட்டிய எட்டுப் பாட்டுகள்

எனக்குச் சங்கீதம் தெரியாது. சத்தத்துக்கும் சங்கீதத்துக்கும் வித்தியாசம் தெரியும், அவ்வளவுதான். டெக்ஸாஸில் பிளானோ என்கிற ஊரில் ஒரு பல் டாக்டர் ஆபீசின் முன் மேஜையில் உட்கார்ந்து நாள் முழுக்க டிரில் சத்தம் கேட்கிறவள் நான். அதனால் பக்கத்து வீட்டுக் கலாவதியைப் பற்றி நான் எழுதுவதில் ராக ஆராய்ச்சி எல்லாம் எதிர்பார்க்க வேண்டாம். நடந்ததை எழுதுகிறேன். கோபத்தோடுதான் எழுதுகிறேன்.

கலாவதிக்கு ஊர் ஈரோடு பக்கம் விஜயமங்கலம். கணக்கில் எம்.எஸ்ஸி. கணவன் ரஞ்சித்குமாரோடும் மூன்று வயது மகள் தீக்ஷாவோடும் இங்கே வந்து இறங்கியபோது, கணவனின் விசாவில் வந்த மனைவி வேலைக்குப் போகக் கூடாது. படித்த கணக்கை வைத்துக்கொண்டு எந்த அரிசி மூட்டை வாங்கினால் லாபம் என்று வேண்டுமானால் பார்க்கலாம். அந்த மாதிரி வருஷங்களில் இங்கே சில பெண்கள் அழுவார்கள், சிலர் கேக் செய்யக் கற்றுக்கொள்வார்கள். இவள் சாமியார் மடத்துக்குப் போனாள்.

நம் ஊர்ச் சாமியார் மடம் இல்லை. தீக்ஷாவின் நீச்சல் வகுப்புக்குப் பக்கத்தில், மரங்களுக்கு நடுவே, கத்தோலிக்கத் துறவிகளின் மடம் ஒன்று இருந்தது. பிள்ளையை விட்டுவிட்டு டெக்ஸாஸ் வெயிலில் காருக்குள் வேக முடியாமல் நிழல் தேடி உள்ளே போயிருக்கிறாள். மதிய வேளை. வெள்ளை அங்கி போட்ட பத்துப் பன்னிரண்டு பேர் இரண்டு வரிசையாக எதிரும் புதிருமாக நின்று, வாத்தியம் ஏதும் இல்லாமல், ஒரு வரிசை பாட மறு வரிசை பதில் பாடிக்கொண்டிருந்தார்களாம்.

"தாளமே இல்லைங்க்கா. மூச்சுதானுங்க தாளம்," என்று அன்று சாயங்காலம் என் சமையலறையில் வந்து நின்று சொன்னாள். நான் புளி கரைத்துக்கொண்டிருந்தேன். சந்தோஷம் என்றேன்.

அதோடு விடவில்லை. நூலகத்தில் இருந்து தலையணை தலையணையாகப் புத்தகங்கள் வந்தன. ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய சாமியார்களின் அன்றாட வாழ்க்கை எனக்கு என் நாத்தனார் வாழ்க்கையைவிட நன்றாகத் தெரிய ஆரம்பித்தது. ஒரு நாளில் எட்டு வேளை கூடிப் பாடுவார்களாம். நடு ராத்திரி எழுப்ப வேண்டுமே, அதற்கு ஒருவர் நட்சத்திரத்தைப் பார்த்து நேரம் கணிப்பாராம். ஈஸ்டர் எந்த நாளில் வரும் என்று சொல்லத் தனியாக ஒரு கணக்கு. கணக்குப் போட்டவரே கவிதை எழுதுவார், அவரே மெட்டும் போடுவார். அந்தக் காலத்தில் பாட்டைக் கோடு போட்டு எழுதத் தெரியாது. வார்த்தைக்கு மேலே சின்னச் சின்னக் கீறல்தான். குரல் ஏறுகிறதா இறங்குகிறதா என்று கீறல் சொல்லும், எவ்வளவு என்று சொல்லாது. ஏற்கெனவே கேட்டவன்தான் பாட முடியும்.

"நம்மூர் மாதிரியேதானுங்க்கா," என்றாள். விஜயமங்கலத்தில் பழைய சமணக் கோயில் ஒன்று இருக்கிறது. சமணத் துறவிகளும் இப்படித்தான் இலக்கணம், கணக்கு, கவிதை என்று எதையும் விட்டுவைக்கவில்லை என்பாள். "கணக்கும் பாட்டும் வேற வேற ஆளுங்க வேலைன்னு யாருங்க சொன்னது?"

யாரும் சொல்லவில்லை. ஆனால் அவளுக்குள் ஏதோ உட்கார்ந்துவிட்டது. ஊரில் பத்து வருஷம் பாட்டுக் கற்றவள். மடத்தில் கேட்ட மெட்டுகளுக்கு ஒத்து வருகிற ராகங்களை எடுத்துக்கொண்டு, பல வருஷமாக, ஒரு துறவியின் எட்டு வேளைக்கு எட்டுத் தமிழ்ப் பாட்டுக் கட்டினாள். வார்த்தையும் அவளுடையது, இசையும் அவளுடையது. கட்டிய இடம் டோல்வே என்கிற சுங்கச் சாலை. தீக்ஷாவைக் கொண்டு விடவும் கூட்டி வரவும் ஓட்டுகிற அந்த ஓட்டத்தில்தான் பாடிப் பாடி மாற்றுவாள். பின் சீட்டில் தீக்ஷா காதில் எதையோ மாட்டிக்கொண்டு இருப்பாள். மூன்றாவது பாட்டு, பனிக்காலத்தில் ஏடு எழுதுகிற துறவியின் பாட்டு. அதில் நாலு வரி எனக்கே மனப்பாடம்:

விரல் விறைத்தது, மை உறைந்தது,
வரி முடியவில்லை, இறைவா.
வெயிலை அனுப்பு, இல்லையென்றால்
விளக்கை அணைக்காதே.

அவள் விசாத்தாளில் பேருக்கு அடையாளம் டிபென்டன்ட் என்பதுதான். சார்ந்திருப்பவள். இந்த நாட்டில் அவள் யாரையும் சார்ந்திராமல் செய்த ஒரே காரியம் இந்த எட்டுப் பாட்டு. அவள் இப்படிச் சொன்னதில்லை, நான் சொல்கிறேன். அவள் வாயில் "நான் கட்டினேன்" என்ற வார்த்தையே வராது. "பாட்டு வந்துச்சுங்க்கா" என்பாள், ஏதோ தபாலில் வந்த மாதிரி.

இனி சாரதா. பக்கத்து ஊரான ஃபிரிஸ்கோவில் பெரிய வீடு, மாடியில் பாட்டுப் பள்ளி, ஃபிரிஸ்கோவின் பாதிப் பிள்ளைகள் அவரிடம்தான் சரளி வரிசை பாடுகின்றன. கலாவதியைவிடப் பத்து வயது மூத்தவர். அவரைப் பற்றி நல்லதையும் சொல்லத்தான் வேண்டும். கலாவதியின் அப்பா இறந்தபோது, விசாச் சிக்கலில் போனால் திரும்பி வர முடியாது என்று அவள் ஊருக்குப் போகவில்லை. அப்பாவின் காரியத்தை ஃபோன் திரையில் பார்த்தாள். அன்று அவளை மடியில் சாய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர் சாரதாதான். அன்றிலிருந்து கலாவதிக்கு அவர் கூடப் பிறந்த அக்கா.

சாரதாவின் கணவர் சுந்தரராமனுக்குச் சொந்தமாகக் கன்சல்டிங் கம்பெனி. ரஞ்சித்துக்கு அதில்தான் வேலை. ரஞ்சித் குடும்பத்தின் கிரீன் கார்டும் அந்தக் கம்பெனி வழியாகத்தான் வருஷக்கணக்காக வரிசையில் நிற்கிறது. இது இங்கே எல்லோருக்கும் தெரிந்த விஷயம்.

எட்டுப் பாட்டையும் கேட்ட சாரதா, "இதைக் கோஷ்டியா மேடை ஏத்தறோம்டி கலா," என்றார். மாடியில் ஒத்திகை தொடங்கியது. பதினாலு பெண்கள். முதல் நாளே கலாவதி அவர்களுக்குத் துறவிகள் கதையைச் சொல்லியிருக்கிறாள். சொன்னதோடு நிற்காமல், அவர்கள் பாட்டில் பெயரே போட மாட்டார்கள், யார் பாட்டு என்று கேட்டால் மடத்துப் பாட்டு என்பார்கள், எழுதியவர் யார் என்று இன்று வரை தெரியாத பாட்டுகள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன என்று உருகியிருக்கிறாள்.

"அப்போ நாமளும் பேர் போட வேண்டாமே," என்றார் சாரதா. "எவ்ளோ அழகா இருக்கும்!"

கலாவதிக்கு அப்படி ஒரு சந்தோஷம். என்னிடம் ஓடி வந்து சொன்னாள். எனக்கு அப்போதே சரியாகப் படவில்லை. ஏனென்றால் விளம்பரத்தில் யார் பேரும் இல்லை, ஆனால் "சாரதா ஸ்கூல் ஆஃப் மியூசிக் வழங்கும்" என்பது மட்டும் கொட்டை எழுத்தில் இருந்தது. சொன்னேன். "போங்க்கா, அது பள்ளிக்கூடத்துப் பேருங்க," என்று சிரித்தாள்.

விழா ஃபிரிஸ்கோவில், ஞாயிற்றுக்கிழமை மதியம். டெக்ஸாஸ் முழுவதிலும் இருந்து தமிழ்க் குழுக்கள் வந்திருந்தன. புதிதாக இயற்றியதில் எது சிறந்ததோ அது நியூஜெர்சி, குபெர்டினோ என்று ஊர் ஊராக மேடையேறும். இயற்றியவரும் கூடப் போய் அதைப் பற்றிப் பேசுவார். தொகுத்து வழங்கியவள் தீக்ஷா. இப்போது கல்லூரியில் படிக்கிறாள். பட்டுப் புடவை கட்டி, மைக்கைப் பிடித்து நின்றபோது எனக்கே கண் பட்டுவிடும் போல இருந்தது. மேடையில் இரண்டாவது வரிசையில் நின்ற கலாவதி மகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அடுத்து, எட்டு வேளை," என்றாள் தீக்ஷா. "பாடலும் இசையும், நம்ம சாரதா ஆன்ட்டி!"

கைதட்டல். கலாவதி சிரித்த முகத்தோடுதான் இருந்தாள். காதில் விழுந்தது மனதுக்குப் போய்ச் சேர நேரம் ஆனது. பிறகு பக்கத்தில் நின்றவளைத் திரும்பிப் பார்த்தாள். அவள் தரையைப் பார்த்தாள். பதினாலு பேருக்கும் தெரியும் யார் பாட்டு என்று. அத்தனை பேரும் பாடுவதற்கு மட்டுமே வாய் திறந்தார்கள். கலாவதியும் பாடினாள். எட்டுப் பாட்டையும் ஒரு வார்த்தை பிசகாமல் பாடினாள், பாவி.

பரிசும் அதற்கே கிடைத்தது. சாரதாவுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். அவர் மைக்கை வாங்கி, இந்தத் துறவிகளைப் பற்றி ரொம்ப வருஷமாகப் படித்துக்கொண்டிருந்ததாகச் சொன்னார். "அவாளுக்குத் தாளம் கிடையாது. மூச்சுதான் தாளம்," என்றபோது சபை ரசித்து உச்சுக் கொட்டியது. நான் எழுந்து மேடைக்குப் பின்னால் போனேன்.

கலாவதி அங்கே முன்னமே வந்து நின்றிருந்தாள். சாரதா பொன்னாடையை மடித்துக்கொண்டே உள்ளே வந்தார்.

"அக்கா, பேர் போடறதில்லைன்னு பேசினோமுங்களே," என்றாள் கலாவதி. குரலில் சண்டை இல்லை. ஏதோ தவறு நடந்துவிட்டது, அக்கா சரி செய்துவிடுவார் என்ற மாதிரிதான் கேட்டாள்.

"காம்பெடிஷன்ல கம்போஸர் யாருன்னு கேட்டாடி. யாரும் இல்லைன்னா சொல்ல முடியும்?"

"என் பேரைச் சொல்லியிருக்கலாமுங்க."

"நீதானே பேர் வேண்டாம்னு ஒரு மணி நேரம் லெக்சர் அடிச்சே? எனக்கு வேண்டாம்னு நான் சொல்லவே இல்லையே." சாரதா அவள் தோளைத் தட்டிக் கொடுத்தார். "உன்னால மேடைல நின்னு பேச முடியுமா சொல்லு. கோஷ்டிக்காகத்தானே பண்ணினேன். அதுவும் ஒளிச்சு மறைச்சு ஒண்ணும் பண்ணலை. ரஞ்சித்தைக் கேட்டுண்டுதான் என் பேரைக் குடுத்தேன். தாராளமா குடுங்கோன்னான்."

கலாவதி திரும்பி வெளியே நடந்தாள்.

திரும்பி வரும்போது நானும் அவர்கள் காரில்தான் வந்தேன். ரஞ்சித் ஓட்டினான், கலாவதி முன் சீட்டில், நானும் தீக்ஷாவும் பின்னால். பொழுது இன்னும் சாயவில்லை. ரஞ்சித்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். கெட்டவன் இல்லை. என் கார் பாட்டரி செத்தால் முதலில் ஓடி வருகிறவன். அதனால்தான் அவன் மேல் எனக்கு ஆத்திரம் ஜாஸ்தி.

டோல்வேயில் ஏறியதும் கலாவதி கேட்டாள். "ஏனுங்க, சாரதா அக்கா உங்களைக் கேட்டாங்களா?"

"ம்."

"எப்பங்க?"

"போன மாசம். சுந்தர் சாரும் பக்கத்துல இருந்தாரு. அவரை வெச்சுக்கிட்டு நான் என்னன்னு சொல்றது கலா? நம்ம கிரீன் கார்டு ஃபைல் அவர் கையில இருக்குது. ஒரு பேருதானேன்னு சரின்னுட்டேன்."

தீக்ஷா காதில் மாட்டியிருந்ததைக் கழற்றினாள். "வெயிட். அம்மாவுக்குத் தெரியாதா?"

ரஞ்சித் பக்கத்து லேனுக்கு மாறினான்.

"அப்பா, அம்மாவே ஆன்ட்டிக்குக் குடுத்துட்டாங்கன்னு சொன்னீங்க! அம்மா ஓகேன்னு சொன்னீங்க. நான் மைக்ல படிச்சேன்ப்பா. ஐ ரெட் இட் அவுட், அம்மா அங்கதான் நின்னுட்டிருந்தாங்க." அவள் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். "சாரி அம்மா. உங்களுக்குத் தெரியும்னு நினைச்சேன்."

"நீ அழுகாத கண்ணு. நீ நல்லாத்தான் படிச்சே," என்றாள் கலாவதி, திரும்பாமலே. கொஞ்ச தூரம் போனதும் கணவனிடம் சொன்னாள். "என்னைக் கேட்டிருந்தா நான் குடுத்திருப்பேனுங்க. நம்ம மூணு பேருக்கும்தானே அந்தக் கார்டு. அது உங்களுக்குத் தெரியாதுங்களா?"

ரஞ்சித் ரோட்டைப் பார்த்தபடியே சொன்னான். "தெரியும். குடுத்துருவேன்னு தெரியும். அதனாலதான் கேக்கல."

அதற்குப் பதில் அவன் அவளை ஓர் அறை அறைந்திருக்கலாம். பின் சீட்டில் இருந்தே அவன் தலையில் ஒன்று போட வேண்டும் போல எனக்கு இருந்தது. அந்தத் துறவிகள் பேரை விட்டார்கள் என்றால் அது அவர்கள் கையில் இருந்தது, அவர்களே கீழே வைத்தார்கள். இவள் கையைப் பிரித்து எடுத்திருக்கிறார்கள், அதுவும் எப்படியும் விரித்துவிடுவாள் என்கிற தைரியத்தில். அக்கா என்றாள், அக்கா எடுத்தாள். புருஷன் என்றாள், புருஷன் எடுத்துக் கொடுத்தான். பெற்ற பிள்ளையின் வாயாலேயே அதை ஊருக்குச் சொல்லவும் வைத்துவிட்டான்.

"வண்டியை நிறுத்துங்க," என்றாள் கலாவதி.

"டோல்வேல எப்படி நிறுத்தறது?"

"இறங்கி நிறுத்துங்க."

அடுத்த வழியில் இறங்கி, ஓர் இந்தியக் கடை வாசலில் நிறுத்தினான். ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம், கருவேப்பிலைக் கட்டும் தேங்காயுமாக ஜனங்கள் வண்டிகளைத் தள்ளிக்கொண்டு போனார்கள். கலாவதி இறங்கினாள். எங்கேயோ நடந்து போய்விடுவாளோ என்று எனக்குப் பயம். ரஞ்சித்தும் பயந்துதான் கதவில் கை வைத்தான். அவள் பின் கதவைத் திறந்தாள்.

"கொஞ்சம் தள்ளி உக்காருங்க்கா."

தீக்ஷாவும் நானும் நகர்ந்தோம். மூன்று பேரும் இடித்துப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தோம். முன் சீட் காலியாக இருக்க, டாக்ஸிக்காரன் மாதிரி ரஞ்சித் தனியாக ஓட்டினான். ஒரு தடவை கண்ணாடியில் பார்த்தான். பின்னால் யாரும் அவனைப் பார்க்கவில்லை.

வண்டி எங்கள் தெருவில் திரும்பியது. கலாவதி என் முகத்தைப் பார்த்து, முதல் நாள் பள்ளிக்கூடம் போகிற குழந்தை பேர் சொல்கிற மாதிரி, தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

"மூணாவது பாட்டு நல்லா இருந்துச்சுங்களாக்கா? நான் கட்டுனதுங்க."