பச்சை என்றால் கரண்ட் இல்லை

அந்த வகுப்பறையின் ஏசி காற்று நேராக என் வலது தோளில்தான் இறங்கும். கம்பத்திலிருந்து விழுந்து உடைந்து, பிளேட் வைத்த தோள். குளிர் பட்டதும் உள்ளே யாரோ மெதுவாக ஸ்க்ரூ முடுக்குவது போலிருக்கும்...

அதுவரை நான் லைன்மேன். விழுந்த பிறகு, "கையைத் தலைக்கு மேல தூக்குற வேலை இனிமே வேண்டாம்" என்று டாக்டர் சொல்லிவிட்டார். புதிதாகக் கம்ப்யூட்டர் வைத்த சப்-ஸ்டேஷனுக்கு என்னை ஆபரேட்டராக மாற்றினார்கள். அதற்காகத்தான் அந்த ட்ரெயினிங்.

பாடம் எடுத்தவர் ஓர் இளம் இன்ஜினியர் மேடம். பொறுமைசாலி. திரையில் ஒரு சின்னச் சதுரத்தைக் காட்டினார். "இது சிவப்பா இருந்தா லைன்ல கரண்ட் போகுது. பச்சையா மாறினா நின்னுடுச்சு. அவ்வளவுதான் சார்."

எனக்கு அங்கேயே குழம்பிவிட்டது. சிக்னலில் பச்சை என்றால் போகலாம். எங்கள் வீட்டு ஸ்டெபிலைசரில் பச்சை எரிந்தால் கரண்ட் இருக்கிறது. இங்கே மட்டும் பச்சை என்றால் இல்லையா?

கேட்டேன். "சிவப்புன்னா ஆபத்து, பச்சைன்னா பாதுகாப்பு. அப்படி நெனச்சுக்கோங்க சார்," என்றார். நினைத்துக்கொண்டேன். டீ குடித்துவிட்டு வந்து உட்கார்ந்தால் மறுபடி மாறிவிடும்...

வீட்டில் என் மனைவி சொர்ணம் தோசை ஊற்றிக்கொண்டே என்னைச் சோதிப்பாள்.

"பச்சைன்னா என்னங்க?"

"கரண்ட் இருக்கு... இல்ல, இல்ல. இரு."

"இருக்கா இல்லையா, ஒண்ணச் சொல்லுங்க. நீங்க சொல்றத நம்பித்தான ஒருத்தரு மேல ஏறப் போறாக."

அதற்குப் பிறகு தோசை இறங்காது.

ட்ரெயினிங் முடிந்து சர்டிஃபிகேட்டும் கொடுத்துவிட்டார்கள். அமராவதிபுதூர் பக்கம் ஒரு சப்-ஸ்டேஷனில் போட்டார்கள். முதலில் கூட ஒருவர் இருந்தார். பிறகு தனியாக.

அப்படித் தனியாக இருந்த ஒரு காலை... முந்தின நாள் மழையில் கண்டனூரில் ஒரு வேப்பங்கிளை லைன் மேல் சாய்ந்துவிட்டது. வெட்ட வந்த லைன்மேன் சேவுகன். நானும் அவனும் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். நான் விழுந்தபோது ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போனவனும் அவன்தான்.

போன் வந்தது.

"மாப்ள, லைன் கிளியர் குடு."

லைனில் கரண்ட் இல்லை, ஏறலாம் என்று சப்-ஸ்டேஷன் கொடுக்கும் வாக்குதான் லைன் கிளியர். எத்தனையோ முறை கம்பத்தடியில் நின்று நான் கேட்டது. கொடுக்கும் இடத்தில் இப்போது நான்.

கண்டனூர் லைனைத் தேர்ந்தெடுத்து க்ளிக் செய்தேன். சிவப்புச் சதுரம் பச்சையானது. அவ்வளவுதான். ஒரு சத்தம் இல்லை, அதிர்வு இல்லை. வேறு லைனை நிறுத்திவிட்டேனோ? பெயரைப் படித்தேன். சரிதான். பச்சையைப் பார்த்தேன். மண்டைக்குள் எல்லாம் தலைகீழாகப் புரண்டது...

"என்னடா, பேச்சக் காணோம்? என்ன காட்டுது?"

"பச்சை."

"அப்புறம் என்ன?"

"பச்சைன்னா என்னன்னுதான் யோசிக்கிறேன்."

"யோசி மாப்ள. நான் இங்குட்டு டீ குடிக்கிறேன்," என்றான்.

போனை வைத்ததும் அடுத்த போன். கண்டனூரில் ஒரு பெரிய வீட்டில் கல்யாணமாம். "ஏங்க, கரண்ட் எப்ப வரும்? மாப்பிள்ளை வீட்டுக்காரக வந்துட்டாக. ஆச்சிமாரெல்லாம் வேர்வையில நனைஞ்சு உக்காந்திருக்காக." ஒரு பெண் குரல். என்ன சொன்னேன் என்று நினைவில்லை.

எழுந்து வெளியே போனேன். வெயிலில் ஜல்லி கொதித்தது. கண்டனூர் லைனைத் தனியாகப் பிரித்து வைக்கிற மூன்று சுவிட்ச் கத்திகளும் மேலே வாய் பிளந்து நின்றன. நடுவில் வானம் தெரிந்தது. அதற்கு மட்டும் எனக்கு அர்த்தம் தெரியும். திரும்பி ஓடிவந்து சேவுகனைக் கூப்பிட்டேன்.

"ஏறு மாப்ள. கரண்ட் இல்ல."

அவன் பாதுகாப்புக்கு லைனைத் தரையோடு இணைத்து எர்த் போட்டு, கிளையை வெட்டி, இறங்கி, "முடிஞ்சது" என்று சொல்லும்வரை நான் நாற்காலியில் உட்காரவே இல்லை.

ஏன் தாமதம் என்று எங்கள் சப்-ஸ்டேஷன் இன்ஜினியர் கேட்டார். சொன்னேன். "ஸ்கிரீன்ல பச்சை வந்தாலே போதுங்க. அதுக்குத்தானே ட்ரெயினிங்?" என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, "போய்ப் பார்த்ததும் தப்புன்னு சொல்ல முடியாது," என்றார். அப்படியானால் அடுத்த முறை போவதா, வேண்டாமா? அவரிடம் கேட்கவில்லை. அவருக்கும் தெரியாது என்று தோன்றியது.

சாயங்காலம் சேவுகன் வந்தான். திட்டுவான் என்று நினைத்தேன். "நீ யோசிக்கிறேன்னு சொன்னதும் சாத்துன ஏணிய எடுத்துக் கீழ வச்சுட்டேன்டா. இப்பவாவது தெளிஞ்சுச்சா?" என்றான்.

"தெரியல மாப்ள."

"சரி, தெரியலன்னா தெரியலன்னே சொல்லு. அது போதும்."

இப்போது நிறமெல்லாம் பழகிவிட்டது. கை தானாகப் போகிறது. ஆனால் புதிதாக இன்னொன்று வந்திருக்கிறது. ஊரில் பல மாடிகளில் சோலார் தகடு. நான் இங்கே நிறுத்தினாலும், ஏதாவது ஒரு வீட்டுச் சோலார் மெஷின் சரியாக நிற்காவிட்டால் அங்கிருந்து லைனுக்குக் கரண்ட் வந்துவிடுமாம். அதற்கு ஒரு ட்ரெயினிங். இந்தத் தடவை சேவுகனையும் போட்டிருக்கிறார்கள்.

நேற்று போனில் கேட்டான். "ஏண்டா, அப்ப நான் ஒன்ட்ட மட்டும் கேட்டா பத்தாதா? எல்லா வீட்டு மாடியிலயும் கேக்கணுமா?"

எனக்கும் புரியவில்லை. அன்றைக்குக் கரண்ட் ஒரு பக்கமிருந்துதான் வந்தது. அந்தப் பக்கம் நான் உட்கார்ந்திருந்தேன். எவ்வளவு குழம்பினாலும், கேட்க ஓர் ஆள் இருந்தான்.

திங்கட்கிழமை வகுப்பு. பக்கத்துப் பக்கத்தில் உட்காருவோம் என்று பேசி வைத்திருக்கிறோம்...