வெள்ளம் கிடையாது

எனக்குக் கோபம் வந்தால் முதலில் வயிறு கலங்கும். அப்புறம்தான் முகம் சிவக்கும். எழுபதுகளில் தொலைக்காட்சி நிலையத்தில் ஆவணப்படங்களுக்கு உரை எழுதிய காலம் பூராவும் எனக்கு வயிறு சரியில்லை.

மலையாளப் பக்கம் பள்ளிவாசல் என்ற மலையூருக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் படம் எடுத்தோம். மலைத் தண்ணீரெல்லாம் பெரிய குழாய்களில் இறங்கி, கீழே மின்நிலையத்தில் கரண்டாகி ஊர் ஊராகப் போகிறது. தோட்டத்து லயங்களில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், குடிக்க ஒரு குழாய் கிடையாது. பெண்கள் கொழுந்து பறித்து முடித்த கையோடு குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓடைக்கு இறங்குவார்கள்.

கேமரா முன்னால் நின்ற பெண் மதுரைப் பக்கத்துத் தமிழ் பேசுகிறவர். ஆனால் அவருக்கு ஜீப்பிலிருந்து இறங்குகிறவன் எல்லாம் சர்க்கார் ஆள். சர்க்கார் ஆளிடம் தண்ணி என்று தமிழில் கேட்டால் காதில் ஏறாது என்பது அங்கே கண்ட அனுபவம். ஆகவே தண்ணீருக்கு மலையாளத்தில் உள்ள சொல்லைப் போட்டார்.

“எம்புட்டு மழ பேஞ்சாலும் எங்க லயத்துக்கு வெள்ளம் கெடையாது சார்.”

எல்லையோர ஊரான வேலந்தாவளத்துக்காரனான எனக்கு அது வித்தியாசமாகவே படவில்லை. எங்கள் சந்தை டீக்கடையில் ஒரே வாயில் தண்ணியும் வரும், வெள்ளமும் வரும். குடிதண்ணீர் இல்லை என்று நேராக உரை எழுதிக் கொடுத்துவிட்டேன்.

அது அவசரநிலைக் காலம். மேலதிகாரியின் பேனா படாமல் ஒரு வரி வெளியே போகாது. ஒளிபரப்பு மாலையில் உரை என் கைக்குத் திரும்பியபோது இப்படி இருந்தது: எவ்வளவு மழை பெய்தாலும் தங்கள் குடியிருப்புக்கு வெள்ள அபாயமே இல்லை என்று மகிழ்கிறார் இந்தத் தொழிலாளி.

மேலதிகாரியின் அறைக்கு ஓடினேன். அந்தம்மா குடிக்கத் தண்ணீர் இல்லை என்கிறார் என்றேன்.

“வெள்ளம்னா வெள்ளம்தானேய்யா. எனக்கே தமிழ் சொல்லித் தர்றியா?”

பதற்றத்தில் நான் பழகி வைத்திருந்த பட்டணத்துத் தமிழ் கழன்று விழுந்தது. “ஏனுங்க சார், எல்லைல வாளையார் தாண்டினா அதைத்தானுங்க டம்ளர்ல ஊத்திக் குடிக்கறோம்.”

அவர் பேனாவை மூடினார். புரிந்துவிட்டது, முகத்திலேயே தெரிந்தது. புரியாமல் எழுதியிருந்தால் நான் இன்றுவரை இப்படிப் பல்லைக் கடித்துக்கொண்டிருக்க மாட்டேன்.

“நம்ம படம் வாளையார் வரைக்கும்கூடத் தெரியாது. எழுதினதைப் படி.”

அப்போதெல்லாம் படம் ஓட ஓட, கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து உரையை நேரடியாகப் படிக்க வேண்டும். சிவப்பு விளக்கு எரிந்தது. சந்தையில் விலைபோய்க் கயிறு கைமாறிய கன்றுக்குட்டி போல என் குரல் கத்தியது. கண்ணாடிக்கு வெளியே அவர் கை கட்டி நின்றார். அந்தப் பெண் திரையில் வந்ததும் என் கையிலிருந்து தாள் நழுவி, நாற்காலிக்கு அடியில் போய்விட்டது. வீரம் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். குனிந்து எடுக்கப் பயந்து மனதில் இருந்ததைச் சொன்னேன். மனதில் இருந்தது நான் எழுதியதுதான்: எவ்வளவு மழை பெய்தாலும் இவர்கள் வீடுகளுக்குக் குடிக்கத் தண்ணீர் கிடையாது.

வெளியே வந்ததும், குரல் ஏன் அப்படி நடுங்கியது என்று மட்டும் கேட்டார். அடுத்த வாரத்திலிருந்து மாட்டுத்தீவன நிகழ்ச்சிக்கு எழுதினேன்.

பிறகொரு முறை சொந்த வேலையாகப் பள்ளிவாசல் போனபோது அந்தப் பெண்ணை வழியில் பார்த்தேன். இடுப்பில் குடம். படத்தைப் போட்டீர்களா என்று கேட்டார். அதிகாரி மாற்றியது, நான் அவரிடம் போய்க் கெஞ்சியது, தாள் நழுவியது எல்லாவற்றையும் சொன்னேன். கன்றுக்குட்டிக் குரலுக்கு நன்றாகச் சிரித்தார்.

“அப்ப அந்த ஆபீசருக்கு வெவரம் புரிஞ்சிருச்சுல்ல சார்?”

“புரிஞ்சுதுங்க.”

“பெறகு ஏன் சார் இன்னும் வெள்ளம் வரல?”

குடத்தை இடுப்பில் சரியாக இடுக்கிக்கொண்டு அவர் ஓடைக்கு இறங்கினார்.