ருசி பார்த்த கணக்கு

தொழிற்சாலை கேன்டீனில் மாஸ்டர் சமைத்தது ஒருநாளும் பற்றாமல் போனதில்லை. கடைசி ஷிப்டில் கடைசி ஆளாக வருபவனுக்கும் தட்டு நிறையக் கிடைக்கும். கேட்டவருக்கு ‘இல்லை’ என்று சொல்வது அவருக்கு வராத பழக்கம். அப்படிப்பட்டவர் வீட்டில் லாப்ரடார் நாய் வளர்ந்தால் என்ன ஆகும்? கேட்பதற்கென்றே பிறந்த இனம் அது. சீமாட்டி என்று பெயர் வைத்தார்கள். பெயருக்குத் தகுந்தபடி அகலமும் வளர்ந்தது.

ஐந்து வயதில் அவளுக்குப் பின்னங்கால் மூட்டு பிடித்துக்கொண்டது. வீடு மூன்றாம் மாடி, லிஃப்ட் கிடையாது. அண்டா தூக்கிப் பழகிய தோளில் அவளைப் போட்டுக்கொண்டு மாஸ்டர் ஏறினார். கால்நடை மருத்துவர் சுற்றி வளைக்கவில்லை.

“எடை குறையலைன்னா இவ படியேறுறது இதோட சரி, மாஸ்டர். அப்புறம் ஆபரேஷன்தான்.”

அன்றே திட்டம் தயார். நாள் முழுவதுக்குமான சாப்பாடு காலையிலேயே ஒரே டப்பாவில்: எலும்பில்லாத கோழி, கொஞ்சம் சோறு, கேரட், பூசணிக்காய். உப்பும் வெங்காயமும் பக்கத்திலேயே வரக்கூடாது. யார் எதைக் கொடுத்தாலும் அந்த டப்பாவிலிருந்துதான். தீர்ந்தால் கடை மூடியாச்சு. ஓட்டம், தாவல் தடை. வெயில் ஏறுமுன் ஒரு நடை, சாயங்காலம் ஒரு நடை, அதுவும் புல்தரையில்.

மாதம் முடிந்ததும் கேன்டீனில் மூட்டை நிறுக்கும் தராசில், சீமாட்டியைத் தூக்கிக்கொண்டு ஏறி நின்றார். திட்டம் தொடங்கிய அன்றும் அப்படித்தான் நின்றிருந்தார். முள் நன்றாகவே இறங்கியிருந்தது. தெரு முழுக்கச் சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்தார்.

மனைவி துணி மடித்துக்கொண்டே கேட்டாள். “ஏங்க, உங்களைத் தனியா நிறுத்துப் பாத்தீங்களா?”

“என்னை எதுக்கு?”

“பேன்ட் இடுப்புல நிக்க மாட்டேங்குதே. நடந்தது நீங்களும்தானே.”

மறுநாள் தனியாக ஏறி, தன் எடையைக் கழித்து, மருத்துவர் சீட்டில் எழுதியிருந்த சீமாட்டியின் எடையோடு ஒப்பிட்டுப் பார்த்தார். இறங்கியதெல்லாம் அவருடைய தொப்பை. சீமாட்டி இம்மியும் அசையவில்லை.

யாரோ திருட்டுத்தனமாகப் போடுகிறார்கள் என்று மகள்மேல் பாய்ந்தார். மகள் அலட்டிக்கொள்ளவில்லை. “அப்பா, கோழி வேகறப்ப அவ வாயில என்ன போடுறீங்க?”

“அது பதம் பாக்குறது. சாப்பாட்டுல சேத்தியா?”

“ஒரு பதத்துக்கு எத்தனை துண்டுப்பா?”

மாஸ்டர் விரல் விட்டு எண்ணினார்; ஒரு கை போதவில்லை. அடுப்படியில் நின்ற காலம் முழுக்க, ருசி பார்த்ததை அவர் சாப்பாடாகவே எண்ணியதில்லை. உப்பில்லாத சமையலில் தன் நாக்கை நம்பாமல், சாப்பிடப்போகிறவளையே கேட்டார். அவளோ ஒவ்வொரு துண்டுக்கும் இன்னும் பதம் வரவில்லை என்பதுபோலவே பார்த்து வைத்தாள்.

மறுநாள் முதல், ருசி பார்க்காத சமையலைத் தட்டில் வைத்தார். சமையல்காரனுக்கு அதைவிடச் சோதனை வேறில்லை. அடுப்பருகே உட்கார்ந்து சீமாட்டி பார்த்த பார்வையில் கல்லும் கரையும். மாஸ்டர் முதுகைத் திருப்பிக்கொண்டு, “இல்லம்மா” என்றார். சொல்லச் சொல்ல நாக்குக்குப் பழகியது. தராசில் இப்போது அவள் தனியாக உட்கார்ந்தாள். முள் மெல்ல மெல்ல இறங்கியது.

மழை விட்ட ஒரு சாயங்காலம், நடை முடிந்து, தூக்குவதற்காகப் படியடியில் குனிந்தார். அவள் அங்கே இல்லை. முதல் திருப்பத்தில் நின்று, வருகிறாரா என்று ஒருமுறை பார்த்துவிட்டு, மேலே போய்க்கொண்டிருந்தாள். மூன்றாம் மாடியில் கதவு திறந்தது. மகள் சிரிப்பது கீழே வரை கேட்டது.

எதிர்வீட்டுக்காரர் இறங்கி வந்தார். “என்ன மாஸ்டர், உங்க சீமாட்டி தனியா ஏறிப் போறா?”

“நம்ம கைச் சமையல் சார்” என்றார் மாஸ்டர், அவருக்கு வழிவிடாமல் படியின் நடுவிலேயே நின்றுகொண்டு.