தாலி விழாத கல்யாணப் படம்

பிள்ளைகளே, நேற்று நம் வுப்பர்டால் தொங்கு ரயிலில் நான் தனியே கெக்கட்டம் போட்டுச் சிரிக்க, பெட்டி முழுக்கத் திரும்பிப் பார்த்தது. எங்கள் கல்யாணக் கசெட்டைக் கணினிக்கு மாற்றக் கொடுத்திருந்தேன் அல்லவா? கடைக்காரப் பெண் தொலைபேசியில், "நடுவிலே கனநேரம் வெறும் முகங்கள்தான் வருகின்றன, வெட்டிவிடட்டுமா?" என்று கேட்டாள்.

வெட்டுவதா! பெத்ரோ கேட்டிருந்தால் கத்தியோடு வந்திருப்பார். பயப்படாதீர்கள், கிழங்குக் கத்தி. உரித்த உருளைக்கிழங்கு மணந்தால் எனக்கு இன்றைக்கும் அவர் நினைவுதான். வுப்பர்டாலில் நான் கோப்பை கழுவிய உணவகத்தில் அவர் கிழங்கு உரித்தார். உக்ரைன்காரர். சோவியத் காலத்தில் சினிமா இயக்குநர்! அவருடைய முதல் படத்தைப் பார்த்த அரசாங்கக் குழு, "மழை கூடிப்போச்சு, சிரிப்புக் குறைவு, வெட்டு" என்றதாம். இவர் மறுக்க, படம் வருடக்கணக்காக அலமாரியில் தூங்கியது. அந்த நாடு உடைந்த பிறகு வெளியே வந்தது. கைதட்டலும் பதக்கமும் கிடைத்தன. அதற்குப் பிறகு தடுக்க ஆளில்லை, படம் எடுக்கக் காசும் இல்லை. சவர்க்கார விளம்பரம் எடுத்தார். அதுவும் நின்றுபோக, மகளோடு இங்கே வந்துவிட்டார். எங்கள் இருவரின் அரைகுறை ஜெர்மனில் இவ்வளவும் சொன்னார். மீதியைக் கத்தியால் நடித்துக் காட்டினார்.

அவரையே என் கல்யாணத்தைப் படமெடுக்கக் கேட்டேன். உங்கள் அம்மாவின் பெற்றோர் யாழ்ப்பாணத்தில், சண்டைக்குள். மகளின் கல்யாணத்தைப் பார்க்க அவர்களுக்கு அந்தக் கசெட் ஒன்றுதான் வழி.

கல்யாணத்தன்று கார் வாசலில் காத்துநிற்க, அம்மாவைக் கூறைச்சேலையோடு தொங்கு ரயிலில் ஏற்றினார் பெத்ரோ! மேலே தண்டவாளம், கீழே ஆறு, வெளியே மழை, உள்ளே சிரிப்பை அடக்கமுடியாத அம்மா.

அடுத்த ஞாயிறு கொலோனில், உங்கள் மாமி, அதுதான் என் அக்கா வீட்டில், எல்லோரும் படம் பார்க்கக் கூடினோம். கெட்டிமேளம் முழங்கியது. கமரா அப்படியே சபைப் பக்கம் திரும்பிவிட்டது! அறுகரிசி எறியும் கைகள், கண்ணைத் துடைக்கும் என் பெரியப்பா, வாய் நிறைய லட்டோடு மாமி. கமரா திரும்பி வந்தபோது தாலி ஏறிவிட்டிருந்தது.

"தாலி எங்கையடா?" மாமி எழும்பிவிட்டா. "தாலி கட்டாத கலியாணத்தையோ ஊருக்கு அனுப்பப்போறாய்?"

"மழையும் கூடிப்போச்சு," என்றார் பெரியப்பா.

நான் ஜெர்மனில் சொல்ல, பக்கத்திலிருந்த பெத்ரோ என் காதில், "குழு கொலோனுக்கும் வந்திட்டுதோ?" என்றார். சிரித்தார்தான், ஆனால் கசெட் உறையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

"உந்த முகங்களை வெட்டிப்போட்டு, தாலி கட்டுற போட்டோவை ஒட்டச் சொல்லு!" மாமி விடவில்லை.

"அக்கா, லட்டுப் பிடிபட்டதுக்குத்தானே உங்களுக்குக் கோவம்?" என்றேன்.

அப்போதுதான் அம்மா வாய் திறந்தா. "வெட்ட வேண்டாம் மச்சாள். தாலி என்ரை கழுத்திலை கிடக்குத்தானே."

புதுப்பெண் பேச்சுக்கு மறுபேச்சு உண்டா? கசெட் அப்படியே போனது. யாரோ கொழும்புக்குக் கொண்டுபோய், அங்கிருந்து இன்னொருவர் கையில் மாறி யாழ்ப்பாணம் போய்ச் சேர, ஒருநாள் மாமனாரின் தொலைபேசி வந்தது.

"தம்பி, ஒழுங்கைச் சனம் முழுக்க வந்து பாத்தது! வெளிநாடு போன எங்கடை ஆக்கள் எல்லாற்றை முகத்தையும் ஒண்டாக் கண்டிட்டம். உங்கடை அக்கா நல்லாக் கொழுத்திட்டா, என்ன?"

"மாமா, தாலி..."

"தாலியோ? காட்டேல்லையோ? நாங்கள் கவனிக்கேல்லை."

ஓடிப்போய்ச் சொன்னேன். பெத்ரோ கிழங்குக் கூடையைக் கவிழ்த்துவிட்டு அடுப்படியைச் சுற்றி ஆடினார். "குழு பாத்தும் உடனேயே முழுசா வெளியிலை போன என்ரை முதல் படம்!"

இப்போது பெத்ரோ இல்லை. அந்த உணவகம் கைத்தொலைபேசிக் கடையாகிவிட்டது. பெரியப்பா இல்லை, மாமனார் இல்லை. கொலோன் மாமியும் போய்விட்டா. கசெட்டைப் போட்டுப் பார்க்க வீட்டில் ஒரு பெட்டிகூட இல்லை.

சிரித்து முடித்துக் கடைக்காரப் பெண்ணிடம் சொன்னேன்: "ஒரு முகத்தையும் வெட்டாதே, பிள்ளை. லட்டையும்."