வேறொருத்தன் பார்த்த வெள்ளை

ஏற்காட்டில் ஏரிக்குப் போகிற சாலையோரம் பெருமாளும் அவன் மனைவி அத்தாயியும் பஜ்ஜிக் கடை போட்டிருந்தார்கள். கல்யாணமான புதிதில் ஓமலூர்ப் பக்கத்திலிருந்து பிழைப்புக்காக மலையேறி வந்தவர்கள். பெருமாள் முதலில் ஒரு லாட்ஜில் அறைகளைக் கூட்டிப் பெருக்கினான். பிறகு தள்ளுவண்டி போட்டான். தொண்ணூறுகளின் நடுவில் அந்தத் தள்ளுவண்டி தகரக் கூரையும் இரண்டு பெஞ்சும் உள்ள கடையாக வளர்ந்தது. மாவு கரைப்பதும் எண்ணெய்ச் சட்டி முன்னால் நிற்பதும் அத்தாயியின் வேலை. டீயும் கல்லாவும் பெருமாளுடையவை.

உழைப்பாளி, குடிக்க மாட்டான், கை நீட்ட மாட்டான். ஆனால் பெருமாளுக்குப் பொறாமை அதிகம். சுற்றுலா வந்த யாராவது அத்தாயியைப் பார்த்து, "பஜ்ஜி நல்லா இருக்கும்மா" என்றால் போதும், "மாவு பதம் நான் சொன்னதுங்க" என்று குறுக்கே விழுவான். அவள் சொந்தத் தம்பியோடு சிரித்துப் பேசினால்கூட அவன் முகம் சுண்டிவிடும். சண்டை போட மாட்டான். சோற்றைத் தள்ளி வைத்துவிட்டுப் பசியில்லை என்பான். எதனால் பசியில்லை என்று அத்தாயிக்குத் தெரியும். தெரிந்தும் கேட்பதை அவள் விட்டுப் பல வருடம் ஆகியிருந்தது.

அத்தாயிக்குச் சின்ன வயதிலிருந்தே கண் அடிக்கடி சிவந்து வலிக்கும். சில நாளில் தானாக அடங்கிவிடும். கடை வந்த பிறகு எல்லாவற்றுக்கும் அடுப்புப் புகைதான் காரணம் என்று இருவரும் முடிவு கட்டிவிட்டார்கள். கண்ணுக்குள் மண் விழுந்த மாதிரி உறுத்துகிறது என்பாள். வெயில் ஏறினால் முந்தானையை நெற்றிக்கு இழுத்துவிட்டுக்கொள்வாள். வருகிறவர்களின் முகம் அவளுக்குக் கலங்கலாகத்தான் தெரிந்தது. குரலை வைத்து ஆளை அடையாளம் கண்டுகொண்டு சமாளித்தாள். எண்ணெய் காய்ந்ததை மாவுத் துளி போட்டு, அது பொரிகிற சத்தத்தில் தெரிந்துகொண்டாள். இத்தனையும் செய்தவள் தனக்குப் பார்வை மங்குகிறது என்று வாய்விட்டுச் சொல்லவில்லை. பெருமாளும் கேட்கவில்லை.

லாட்ஜ் ஒன்றின் வேனை ஓட்டிய முனியப்பன் தினமும் காலையில் கடைக்கு வருவான். முப்பது வயதுக்காரன், வாட்டசாட்டமான ஆள், வாய் நிறையப் பேச்சு. ஒரு நாள் தட்டை வாங்கும்போது அத்தாயியின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"ஏனுங்க்கா, உங்க கண்ணுல குறுக்கால வெள்ளையா ஒண்ணு ஓடுதுங்களே. டாக்டர்கிட்ட காட்டுனீங்களா?"

"பொகைங்க தம்பி. வேறென்ன."

"பொகைக்கு இப்பிடி வராதுங்க்கா. சேலத்துல கண்ணாஸ்பத்திரி இருக்குது. விட்றாதீங்க."

கல்லாவில் இருந்த பெருமாளின் காதில் இது விழுந்தது. கண்ணில் வெள்ளை இருப்பது அவன் புத்திக்கே எட்டவில்லை. கண்ணுக்குள் கோடு இருப்பது தெரிய வேண்டுமானால் எவ்வளவு கிட்டத்தில், எவ்வளவு நேரம் பார்த்திருக்க வேண்டும்! அன்று முனியப்பனுக்குப் போட்ட டீயில் சர்க்கரையே போடவில்லை.

மறுநாள் காலையில் அத்தாயியை வாசலுக்குக் கூப்பிட்டு, மோவாயைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பினான். முனியப்பன் சொன்னது உண்மைதான். இரண்டு கருவிழிகளிலும் ஓரத்திலிருந்து நடுவை நோக்கிச் சாம்பல் கலந்த வெள்ளை படர்ந்திருந்தது. வலது கண்ணில் அது ஒரு பட்டையாகக் குறுக்கே கூடியே விட்டிருந்தது. டீ பாய்லருக்குள் உப்புத் தண்ணீர் காய்ந்து படிகிற பொருக்கு மாதிரி இருந்தது. இத்தனை வருடம் பக்கத்திலேயே இருந்தும் இதைத் தான் பார்க்கவில்லை என்பது அவனைச் சுட்டது. முந்திக்கொண்டு முனியப்பன் பார்த்துவிட்டானே என்பது அதைவிட அதிகமாகச் சுட்டது.

"சேலத்துக்குப் போலாமுங்களா?" என்று அத்தாயி கேட்டாள்.

"வண்டி ஓட்றவன் சொன்னா அதுக்குன்னு ஓடுவாங்களா? மருந்துக் கடையில சொட்டு மருந்து வாங்கியாறேன்."

வாங்கி வந்தான். தீர்ந்ததும் இன்னொன்று வாங்கினான். சேலம் என்ற பேச்சை எடுத்தாலே, சீசன் முடியட்டும் என்றான். சீசன் முடிந்ததும் மழை விடட்டும் என்றான். வேறு யார் சொல்லியிருந்தாலும் அடுத்த பஸ்ஸிலேயே கூட்டிப் போயிருப்பான். அது அவனுக்கே தெரிந்துதான் இருந்தது.

கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நல்ல கூட்ட நேரத்தில், சட்டியின் விளிம்பு தெரியாமல் அத்தாயி கையை எண்ணெயில் வைத்துவிட்டாள். அலறல் கேட்டு பெஞ்சில் இருந்தவர்கள் எழுந்துவிட்டார்கள். தண்ணீரைக் கொட்டி, கையைத் துணியால் சுற்றி, பெருமாள் திரும்பிப் பார்ப்பதற்குள் முனியப்பன் வேனைக் கொண்டுவந்து கடை முன்னால் நிறுத்திவிட்டான். வேண்டாம் என்று சொல்ல அந்த நேரத்தில் பெருமாளுக்கு வாய் வரவில்லை. ஏறும்போது மட்டும் மறக்காமல் முன்சீட்டில் முனியப்பனுக்கும் அத்தாயிக்கும் நடுவில் தான் உட்கார்ந்துகொண்டான். வளைவுக்கு வளைவு கியர் மாற்றும் கை அவன் முழங்காலில் இடித்துக்கொண்டே வந்தது.

சேலத்தில் கைக்கு மருந்து கட்டியதும் முனியப்பன் நேராகக் கண்ணாஸ்பத்திரிக்கே விட்டான். ஞாயிறு என்பதால் கூட்டம் இல்லை. டாக்டரம்மா அத்தாயியின் மோவாயைக் கருவியில் வைக்கச் சொல்லி, ஒரு கண்ணுக்கு மாற்றி ஒரு கண்ணை நிதானமாகப் பார்த்தார்.

"இந்த வெள்ளை எப்ப இருந்து இருக்குது?"

பின்னால் நின்ற முனியப்பன்தான் பதில் சொன்னான். "போன பொங்கலுக்கு முன்னாலயே இருந்துதுங்க மேடம். அப்பவே குறுக்கால ஓடுச்சுங்க."

டாக்டரம்மா முனியப்பனைப் பார்த்து, "நீங்கதான் வீட்டுக்காரரா?" என்று கேட்டார்.

"நாந்தானுங்க!" என்றான் பெருமாள். குரல் அந்த அறைக்குத் தேவையானதைவிடப் பெரிதாக வந்துவிட்டது.

டாக்டரம்மா விளக்கமாகச் சொன்னார். இது கண்புரை இல்லை. கண்ணுக்குள் பல வருடமாக அழற்சி வந்து வந்து போயிருக்கிறது. அப்படிப்பட்ட கண்ணில் கருவிழியின் மேற்பரப்பில் சுண்ணாம்புச் சத்து படியும். நடுவை மூடினால் பார்வை மறையும், வெளிச்சம் சிதறிக் கூசும், உறுத்தும். ரத்தத்திலும் சுண்ணாம்புச் சத்து கூடியிருக்கிறதா என்று பரிசோதித்துவிட்டு, அழற்சியை அடக்கிய பிறகு சுரண்டி எடுக்கலாம்.

வெளியே பெஞ்சில் காத்திருந்தபோது பெருமாள் அடக்கமாட்டாமல் கேட்டுவிட்டான். "ஏம்ப்பா, உனக்கு மட்டும் எப்பிடி அது கண்ணுல பட்டுது?"

"என் மவளுக்கு இதேதானுங்ண்ணா. மூட்டு வீக்கம் வந்த புள்ளைக்கு அப்பிடியே கண்ணுக்கும் வந்துருச்சு. தெனமும் காத்தால அவ கண்ணப் பாத்துப்போட்டுத்தான் வேலைக்கு வாரேன். அதுல யார் மொகத்தப் பாத்தாலும் மொதல்ல கண்ணுக்குத்தான் போவுது."

இதைக் கேட்டதும் பெருமாளுக்குப் பொறாமை போயிருக்க வேண்டும். போகவில்லை. அந்த ஆள்மேல் தப்பில்லை என்று தெரிந்ததால் கோபப்படவும் வழியில்லாமல் போயிற்று.

ரத்தத்தில் குறையொன்றும் இல்லை. சில வாரம் மருந்து விட்டு அழற்சி அடங்கியதும் வலது கண்ணுக்குச் சிகிச்சை செய்தார்கள். கண்ணை மரத்துப்போகச் செய்து, கருவிழியின் மேல்தோலை நீக்கி, சுண்ணாம்பைக் கரைக்கிற மருந்தில் நனைத்த பஞ்சை வைத்து வைத்து எடுத்தார்கள். புண் ஆறும் வரை மேலே ஒரு லென்ஸ் வைத்து அனுப்பினார்கள். முதல் நாட்களில் அத்தாயி வலியில் சுருண்டு கிடந்தாள். கடையை மூடிவிட்டுப் பெருமாள் பக்கத்திலேயே இருந்து சொட்டு மருந்து விட்டான். கண்ணைத் திறக்காமல் அவள் அவன் கையைத் தேடிப் பிடித்த அந்த நாட்களில்தான் அவன் நிம்மதியாக இருந்தான்.

லென்ஸை எடுத்த பிறகு அத்தாயிக்குப் பார்வை கொஞ்சம் கொஞ்சமாகத் தெளிந்தது. முதலில் எதிர்க் கடையின் போர்டைப் படித்தாள். பிறகு ஏரியில் போகிற படகுகளைப் பார்த்தாள். கடைக்கு வந்த பெண்களின் சேலைக் கரையைப் பார்த்து, எந்த ஊரில் எடுத்தது என்று விசாரித்தாள். யார் வந்தாலும் முகத்தை ஏறிட்டுப் பார்த்துச் சிரித்தாள். முனியப்பன் வந்தபோது கரண்டியைக் கீழே வைத்துவிட்டாள்.

"அட, நீங்கதானா தம்பி? குரலக் கேட்டு நொம்பச் சின்னப் பையன்னு நெனச்சுட்டு இருந்தேன். நல்லா ராசாவாட்ட இருக்கறீங்க!"

அன்றைக்கும் பெருமாளுக்குப் பசிக்கவில்லை.

இரண்டு நாள் கழித்து, மிளகாய் வாங்க அத்தாயி சந்தைக்குப் போயிருந்த நேரம் பார்த்து அவன் முனியப்பனிடம் சொன்னான். "இனிமே இங்க வராதப்பா. நீ செஞ்ச உதவிய மறக்கல. ஆனா வராத."

முனியப்பன் கையிலிருந்த டீயைக் குடிக்காமல் பெஞ்சில் வைத்துவிட்டுப் போனான்.

"எங்க அந்தத் தம்பியக் காணமுங்களே?" என்று அத்தாயி ஒரு வாரம் கேட்டாள். வேறு வண்டிக்கு மாற்றிவிட்டார்களாம் என்று பெருமாள் சொன்னான். முன்பானால் அது செல்லுபடியாகியிருக்கும். இப்போது சாலையின் அந்தப் பக்கம் வேன் நிற்பதும், முனியப்பன் எதிர்க் கடையில் நின்று வடை தின்பதும் அவளுக்கு இங்கிருந்தே தெரிந்தன. அடுப்பைத் தணித்தாள். சாலையைத் தாண்டிப் போனாள். வெகுநேரம் பேசினாள். பெருமாள் பாலைப் பொங்கவிட்டுப் பார்த்துக்கொண்டு நின்றான்.

திரும்பி வந்தவள் கோபப்படாமல்தான் கேட்டாள். "வராதன்னு சொன்னீங்களா?"

"சொன்னேன்."

"எதுக்குங்க?"

"நீ அவனப் பாத்துச் சிரிக்கிற."

"எல்லாரையும் பாத்துத்தான் சிரிக்கிறேன். எத்தன வருசமா ஆரு மொகமும் வெளங்காம மாவக் கரைச்சுட்டு நின்னேன்! இப்ப நாய் மொகத்தப் பாத்தாலும் எனக்குச் சிரிப்பு வருதுங்க. அதையும் வேண்டாமுன்னா, மறுக்கா கண்ண மூடிக்கட்டுமா?"

அவள் அடுப்பைத் தூண்டிவிட்டுக்கொண்டே சொன்னாள். "அவுரு மவளுக்கு நாளைக்குக் கண்ணுல ஆப்பரேசனாம். புள்ள பயந்துக்கிட்டு அழுவுதாம். இப்பிடித்தான் இருக்கும், பயப்படாதன்னு சொல்ல நா போறேன். நீங்க கடையப் பாத்துக்கங்க."

"நானும் வாரேன்" என்றான் பெருமாள். அந்தப் பிள்ளைக்காகவா, அத்தாயியைத் தனியே அனுப்ப மனமில்லாமலா என்று கேட்டால் அவனாலேயே பிரித்துச் சொல்லியிருக்க முடியாது.

ஆஸ்பத்திரியில் முனியப்பனின் மனைவி அம்மணி அத்தாயியின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். ஆண்கள் இருவரும் தாழ்வாரத்தில் ஆளுக்கொரு தூணில் சாய்ந்து நின்றார்கள். "டீ குடிக்கிறியா?" என்று பெருமாள் கேட்டான். "சக்கரை போட்டு வாங்கியாருங்கண்ணா" என்றான் முனியப்பன். பெருமாளுக்கு முகம் சிவந்துவிட்டது.

அத்தாயியின் இடது கண்ணுக்கும் பிறகு சிகிச்சை நடந்தது. அதில் வெள்ளை நீங்கியதே தவிர, பார்வை பெரிதாகத் திரும்பவில்லை. பழைய அழற்சி உள்ளே வேறு இடத்தையும் கெடுத்துவிட்டிருந்தது. கொஞ்சம் முன்னாலேயே வந்திருக்கலாம் என்று டாக்டரம்மா சொன்னதை, அத்தாயி கணவனைத் திரும்பிப் பார்க்காமல் கேட்டுக்கொண்டாள். வீட்டுக்கு வந்தும் அதைப் பற்றி அவள் பேசவில்லை. அவள் பேசாமல் இருந்ததுதான் பெருமாளுக்கு நெடுநாள் ஆறவில்லை.

முனியப்பன் மறுபடியும் தினமும் கடைக்கு வரத் தொடங்கினான். பெருமாளின் குணம் அடியோடு மாறிவிட்டது என்று சொல்வதற்கில்லை. முனியப்பனுக்கான தட்டை மட்டும் அத்தாயி கையிலிருந்து வாங்கி, அவனே கொண்டுபோய்க் கொடுப்பான். கொடுத்துவிட்டு, "புள்ளைக்குக் கண்ணு எப்பிடி இருக்குது?" என்று கேட்பான். பதில் முடியும் வரை அங்கேயே நிற்பான்.